அனுமதிச் சீட்டும் பச்சைச் சைக்கிளும்

அரபு சினிமா: வாசகர் கேள்வி – பதில்

மாறிவரும் அரபு நாடுகளின் அன்றாட வாழ்க்கையைப் படமாக்கும் புதிய இயக்குநர்களைப் பற்றிக் கேட்டு வந்த கடிதங்களிலிருந்து எட்டுக் கேள்விகளை இந்த இதழுக்கு எடுத்துக்கொண்டோம்.

அரபுப் படம் ஒன்றுகூடப் பார்த்ததில்லை. எதிலிருந்து தொடங்கலாம்? எதைக் கவனித்துப் பார்க்க வேண்டும்?
– ஒரு வாசகி

சவூதி இயக்குநர் ஹைஃபா அல்-மன்சூரின் ‘வஜ்தா’விலிருந்து (2012) தொடங்குங்கள். முழுக்க முழுக்க சவூதி மண்ணில் எடுக்கப்பட்ட முதல் முழுநீளப் படம் அது. ரியாத்தில் ஒரு பள்ளிச் சிறுமி கடையில் பார்த்த பச்சைச் சைக்கிள்மேல் ஆசை வைக்கிறாள். விலை 800 ரியால். கையால் பின்னிய வளையங்களை விற்கிறாள், பாட்டு கேசட் விற்கிறாள், ஒருத்தியின் ரகசியச் சீட்டை இன்னொருவரிடம் சேர்க்கக் கூலி வாங்குகிறாள். அப்படியும் பணம் தேறவில்லை. பள்ளியில் குர்ஆன் ஓதும் போட்டிக்கு 1,000 ரியால் பரிசு என்றதும் பெயர் கொடுத்துவிடுகிறாள். கதை அவ்வளவுதான்.

முதல் தடவை பார்க்கும்போது பணத்தை மட்டும் பின்தொடருங்கள். யாரிடம் எவ்வளவு இருக்கிறது, எதை விற்று வந்தது, யார் கைக்குப் போகிறது என்று பார்த்துக்கொண்டே வந்தால் அந்த வீட்டின் நிலைமை தானாகப் பிடிபடும். இரண்டாம் தடவை அனுமதியைப் பின்தொடருங்கள். ஒரு பாத்திரம் ஒரே நாளில் எத்தனை பேரிடம் எதற்கெல்லாம் கேட்டு நிற்கிறது என்று எண்ணுங்கள். அம்மாவுக்கு வேலை இருக்கிறது, சம்பளம் இருக்கிறது. ஆனால் டிரைவர் வராவிட்டால் வேலைக்குப் போக முடியாது. அந்தக் காலத்தில் பெண் கார் ஓட்டக்கூடாது.

ஒரு காட்சியை மட்டும் இன்னும் நெருங்கிப் பாருங்கள். வீட்டுச் சுவரில் அப்பா வழி வம்சாவளி மரம் தொங்குகிறது. கிளைக்குக் கிளை ஆண்களின் பெயர்கள்தான். சிறுமி ஒரு துண்டுக் காகிதத்தில் தன் பெயரை எழுதி அப்பாவின் பெயரோடு பொருத்துகிறாள். பிறகு வந்து பார்க்கும்போது அந்தச் சீட்டு அங்கே இல்லை. வசனம் எதுவும் கிடையாது. எவ்வளவு நீளமான பிரசங்கம் வைத்திருந்தாலும் அந்த வெற்றிடம் சொன்னதைச் சொல்லியிருக்காது.

அடுத்ததாக அலி கல்தமியின் ‘மந்தூப்’ (2023). இரண்டையும் ஒரே வாரத்தில் பாருங்கள். ஊர் ஒன்றுதான், ரியாத். இடையில் பதினோரு வருடம்.

‘மந்தூப்’ இயக்குநரைப் பற்றிச் சொல்லுங்கள். தியேட்டரே இல்லாத நாட்டில் ஒருவர் எப்படி இயக்குநர் ஆனார்?
– கல்லூரி மாணவர்

யூடியூப் வழியாக. சவூதியில் 1980களின் தொடக்கத்தில் மூடிய தியேட்டர்கள் 2018 ஏப்ரல் 18 அன்றுதான் ரியாத்தில் மீண்டும் திறந்தன. நடுவில் பெரிய திரையில் படம் பார்க்க ஆசைப்பட்டவர்கள் மன்னர் ஃபஹத் கடல்பாலத்தைத் தாண்டி பஹ்ரைனுக்குக் காரோட்டிப் போனார்கள். வீட்டிலேயே இருந்த இளைஞர்கள் கையில் கிடைத்த கேமராவில் சிறு சிறு நகைச்சுவைத் துண்டுகள் எடுத்து இணையத்தில் போட்டார்கள். 2011இல் தொடங்கிய ‘தெல்ஃபாஸ்11’ என்ற குழு அப்படி வளர்ந்ததுதான். கல்தமி அதன் நிறுவனர்களில் ஒருவர்.

அந்தப் பயிற்சி படத்தில் நன்றாகத் தெரிகிறது. நாயகன் ஃபஹத் கால் சென்டர் வேலையை இழந்தவன். இரவில் செயலி வழியாக வரும் ஆர்டர்களைக் காரில் கொண்டுபோய்க் கொடுக்கிறான். கடன், உடம்பு சரியில்லாத அப்பா, இவற்றுக்கு நடுவில் கள்ளச்சாராயம் கடத்தும் கும்பலின் சரக்கில் கை வைக்கிறான். ‘மந்தூப்’ என்றால் பிரதிநிதி, ஒருவர் சார்பில் அனுப்பப்படுபவன். இன்றைய சவூதிப் பேச்சில் டெலிவரி ஆளுக்கும் அதே சொல்தான். அடுத்தவர் வாசலில் நின்று, அடுத்தவர் சாப்பிடப்போவதைக் கையில் பிடித்துக்கொண்டு, உள்ளே எட்டிப் பார்க்கிற ஒருவன். புதுப் பணம் வந்த ஊரில் அது யார் வீட்டுக்கு வந்தது, யார் வீட்டுக்கு வரவில்லை என்று காட்ட இதைவிடப் பொருத்தமான தொழில் கிடைக்காது. பெண்ணின் சிரமத்தை மட்டுமே சவூதிப் படத்தில் எதிர்பார்த்து உட்காருபவர்களுக்கு, கையில் காசில்லாத ஓர் ஆணின் தடுமாற்றம் இங்கே காத்திருக்கிறது.

சட்டம் மாறிவிட்டால் அந்தப் படம் பழசாகிவிடாதா? இன்று சவூதிப் பெண்கள் கார் ஓட்டுகிறார்கள். அப்படியிருக்க ‘வஜ்தா’ எதற்கு?
– ஓய்வு பெற்ற ஆசிரியர்

இந்த இயக்குநர்களை உண்மையிலேயே உறங்கவிடாத கேள்வி இதுதான். நடந்ததை வரிசையாகப் பார்ப்போம்.

‘வஜ்தா’ வெளிவந்த மறு வருடம், 2013இல், பெண்கள் பூங்கா போன்ற இடங்களில் சைக்கிள் ஓட்டலாம், ஆனால் கூடவே குடும்பத்து ஆண் ஒருவர் இருக்க வேண்டும் என்ற அளவுக்குத் தடை தளர்ந்தது. மஹ்மூத் சப்பாக் எடுத்த ‘பரக்கா யுகாபில் பரக்கா’ 2016 பிப்ரவரியில் பெர்லின் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. ஜித்தாவில் ஒரு மாநகராட்சி ஆய்வாளனும் இணையத்தில் பிரபலமான ஒரு பெண்ணும் பொது இடத்தில் சேர்ந்து உட்கார்ந்து பேச இடம் தேடி அலைகிற கதை. அதே வருடம் ஏப்ரலில், பொது இடங்களில் ஒழுக்கத்தைக் கண்காணித்த மதக் காவலர்களிடமிருந்து கைது செய்யும் அதிகாரம் பறிக்கப்பட்டது. ஹைஃபா அல்-மன்சூரின் ‘தி பெர்ஃபெக்ட் கேண்டிடேட்’டில் ஒரு பெண் டாக்டர் விமான நிலையத்தில் நிறுத்தப்படுகிறார். அப்பா கொடுத்த பயண அனுமதி காலாவதியாகிவிட்டது. அதைப் புதுப்பிக்க ஓடிய இடத்தில்தான் உள்ளாட்சித் தேர்தலில் நிற்க வேண்டியதாகிறது. படம் வெனிஸ் விழாவுக்கு வந்தது 2019 ஆகஸ்ட் கடைசியில். அந்த மாதத் தொடக்கத்திலேயே, 21 வயதான பெண், பாதுகாவலரான ஆணின் அனுமதியின்றிப் பாஸ்போர்ட் எடுக்கலாம், வெளிநாடு போகலாம் என்று அரசாணை வந்துவிட்டது. கதையின் முதல் முடிச்சு, படம் திரைக்கு வருவதற்குள் அவிழ்ந்துவிட்டது!

ஆனால் படம் விழுந்துவிடவில்லை, ஏன்? டாக்டர் தேர்தலில் நிற்பதற்குக் காரணம் பயண அனுமதி. நின்ற பிறகு அவர் கேட்பதோ ஆஸ்பத்திரி வாசலுக்கு ஒரு சாலை. சேற்றில் மாட்டிக்கொள்ளும் வண்டி, அதற்குள் வலியில் துடிக்கும் நோயாளி. பெண் டாக்டர் தன்னைத் தொடக்கூடாது என்று மறுக்கும் கிழவர். ஆணை வந்ததால் அந்தக் கிழவரின் மனம் மறுநாள் காலையில் மாறிவிடாது. சட்டம் ஒரு நாளில் மாறும், பழக்கம் மாற ஒரு தலைமுறை ஆகும். இந்த இடைவெளியில் கதையை வைத்தவர்களின் படம் நிற்கிறது. சட்டத்தை மட்டும் நம்பிக் கதை கட்டியவர்களின் படம் ஆவணமாக மட்டுமே மிஞ்சுகிறது.

எழுத நினைப்பவர்கள் ஒரு சோதனை செய்து பார்க்கலாம். உங்கள் கதையில் வரும் தடையை ஒரு கையெழுத்தில் நீக்கிவிட்டதாக வைத்துக்கொள்ளுங்கள். மீதி எத்தனை காட்சிகள் உயிரோடு இருக்கின்றன? பத்துக்கு ஏழாவது நிற்க வேண்டும்.

ஜோர்டான் படம் ‘இன்ஷா அல்லாஹ் வலத்’ பார்த்தேன். கணவன் இறந்ததும் அவன் சகோதரன் வீட்டில் பங்கு கேட்கிறானே, அது எப்படி? கணக்கு புரியவில்லை.
– ஒரு வாசகர்

அம்ஜத் அல்-ரஷீத் இயக்கிய அந்தப் படம் 2023இல் பிரான்ஸின் கான் திரைப்பட விழாவில் ‘விமர்சகர் வாரம்’ என்ற பிரிவில் திரையிடப்பட்டது. கானுக்குப் போன முதல் ஜோர்டான் படம். படத்தின் திகில் முழுவதும் ஒரு பாகப்பிரிவினைக் கணக்கில்தான் இருக்கிறது. அதைத் தெரிந்துகொண்டு பார்த்தால் ஒவ்வொரு காட்சியும் இன்னும் இறுகும்.

பேச்சுக்கு, கடன்கள் போக மிச்சமிருக்கும் சொத்து 80,000 தினார் என்று வையுங்கள். இறந்தவரின் பெற்றோர் உயிரோடு இல்லை. மனைவி, ஒரே மகள், ஒரு சகோதரன். சுன்னி வாரிசுரிமைப்படி குழந்தை உள்ள மனைவிக்கு எட்டில் ஒன்று, 10,000. ஒரே மகளுக்குப் பாதி, 40,000. மிச்சம் 30,000 தந்தை வழி ஆண் உறவுக்கு, அதாவது அந்தச் சகோதரனுக்கு. இப்போது ஒரு மகன் இருப்பதாக வையுங்கள். மனைவிக்கு அதே 10,000. மீதி 70,000 மகனுக்கும் மகளுக்கும் இரண்டுக்கு ஒன்று. சகோதரனுக்குப் பூஜ்யம்.

கதாநாயகி நவால் கர்ப்பமாக இருப்பதாகச் சொல்வது இதனால்தான். வயிற்றில் ஆண் குழந்தை இருக்கலாம் என்ற ஒரு வாய்ப்பே பிரிவினையை நிறுத்தி வைக்கப் போதும். அவள் தேடுவது பணம்கூட இல்லை, அவகாசம். அந்தச் சகோதரன் வில்லனாக எழுதப்படவில்லை என்பதையும் பாருங்கள். சட்டம் தனக்குக் கொடுத்ததைத்தான் கேட்கிறேன் என்று அவன் மனசார நம்புகிறான். அது கெட்டவனைவிடப் பயமாக இருக்கிறது.

தலைப்பின் பொருள் ‘இறைவன் நாடினால் ஆண் குழந்தை’. பிள்ளை எதிர்பார்க்கும் தம்பதிக்குச் சொல்லும் வாழ்த்து. விதவையின் காதில் அதுவே வேறு மாதிரி விழுகிறது.

எல்லாம் அரபு மொழிதானே? சில படங்களில் ஒரே சொல்லுக்கு வேறு வேறு உச்சரிப்பு வருகிறது. எந்த நாட்டுப் படம் என்று காதால் கண்டுபிடிக்க வழி உண்டா?
– ஜித்தாவில் பணிபுரியும் வாசகர்

உண்டு. ‘இப்போது’ என்ற ஒரு சொல்லைப் பிடித்துக்கொள்ளுங்கள். எந்தப் படத்திலும் பத்து நிமிடத்துக்குள் அது வந்துவிடும். உங்கள் ஜித்தாவில் ‘தஹீன்’. ரியாத் பக்கம் ‘அல்ஹீன்’. எகிப்தில் ‘தில்வக்தி’ என்று எழுதினாலும் நடுவில் உள்ள ‘க்’ தொண்டையில் அடைபட்டு ‘தில்வஅ-தி’ போலக் கேட்கும். லெபனான், சிரியா, பாலஸ்தீனம், ஜோர்டானில் ‘ஹல்லா’. சூடானில் ‘ஹஸ்ஸா’. துனீசியாவில் ‘தவ்வா’. மொராக்கோவில் ‘தாபா’.

எகிப்துப் பேச்சு கிட்டத்தட்ட எல்லா அரபு நாட்டுக்காரர்களுக்கும் புரியும். பல தலைமுறையாகக் கெய்ரோ படங்களைப் பார்த்து வளர்ந்த காது அது. மொராக்கோப் பேச்சு ரியாத்காரருக்கே சிரமம்.

சப்டைட்டில் இந்த வேறுபாட்டை முழுசாக விழுங்கிவிடும். ஒரு படத்தில் அப்பா ஊர்ப் பேச்சிலும் மகன் நகரப் பேச்சிலும் பேசினால் அது தலைமுறை விலகலைச் சொல்ல இயக்குநர் செய்த தேர்வு. கீழே வரும் எழுத்திலோ இருவரும் ஒரே மாதிரி பேசுவார்கள். ‘இன்ஷா அல்லாஹ்’வும் அப்படித்தான். உறுதியாகச் சொன்னால் வாக்குறுதி, இழுத்துச் சொன்னால் மரியாதையான மறுப்பு. எழுத்தை விட்டுவிட்டுக் குரலைக் கேளுங்கள்.

ரியாத்தில் ஒரு குறும்படம் எடுக்கத் திட்டமிடும் குழுவில் ஒளிப்பதிவு உதவியாளராக இருக்கிறேன். 12 நிமிடப் படம், கதை ஒரு குடியிருப்பிலும் ஒரு காரிலும் நடக்கிறது. எங்கே சறுக்கும்?
– இளம் ஒளிப்பதிவாளர்

முதலில் மின்சாரம். சவூதியில் மின்னோட்டம் 60 ஹெர்ட்ஸ். பக்கத்திலேயே இருக்கும் ஜோர்டான், அமீரகம், எகிப்து எல்லாம் 50. 50 ஹெர்ட்ஸ் நாட்டில் படம் எடுத்துப் பழகியவர் நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் (ஒவ்வொரு ஃபிரேமிலும் ஒளி விழும் நேரம்) 1/50 நொடி என்று வைத்துக்கொண்டு ரியாத் ஃபிளாட்டில் டியூப் லைட்டின் கீழ் எடுத்தால் படம் முழுக்க மினுக்கும், அல்லது மங்கலான பட்டைகள் மேலும் கீழுமாக நகரும். 60 ஹெர்ட்ஸில் ஒரு சுற்றுக்கு இரண்டாக விளக்கு நொடிக்கு 120 தடவை துடிக்கிறது, ஷட்டர் அதோடு பொருந்தவில்லை, அதுதான் காரணம். ஷட்டரை 1/60க்கு மாற்றுங்கள். ஷட்டரைக் கோணமாகக் குறிக்கும் கேமராவில் 24 ஃபிரேமுக்கு 144 டிகிரி, 25 ஃபிரேமுக்கு 150 டிகிரி. மானிட்டரில் சிலசமயம் தெரியாது. அதனால் ஒவ்வொரு அறையிலும் விளக்கைப் போட்டு அரை நிமிடம் எடுத்து, பெரிய திரையில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் லொக்கேஷனை உறுதி செய்ய வேண்டும். கடைப் பெயர்ப்பலகைகளும் செல்போன் திரையும் தனி ரகம். அவற்றின் துடிப்பு மின்னோட்டத்தோடு ஒத்திருக்காது, ஷட்டரைச் சிறிது சிறிதாக நகர்த்தி, பட்டை மறையும் இடத்தைக் கண்ணால்தான் பிடிக்க வேண்டும்.

அடுத்து வெயில். ரியாத் சுமார் 24.7 டிகிரி வடக்கில் இருக்கிறது. ஜூன் கடைசியில் நண்பகல் சூரியன் கிட்டத்தட்ட 89 டிகிரியில், நேர் உச்சந்தலையில் நிற்கும். மூக்கு நிழல் உதட்டில் விழும், கண்குழி இரண்டும் கறுத்துவிடும். பெண்கள் அணியும் அபாயாவின் கறுப்பும் ஆண்கள் அணியும் தோபின் வெள்ளையும் ஒரே ஃபிரேமில் வந்தால் ஒன்று வெளுத்துப்போகும், இல்லை மற்றது கரிக்கட்டையாகும். ஜூன் 15 முதல் செப்டம்பர் 15 வரை பகல் 12 முதல் 3 மணி வரை திறந்தவெளியில் வேலை வாங்கக்கூடாது என்று தொழிலாளர் விதியும் இருக்கிறது. ஆகவே வெளிக்காட்சிகளை விடிந்ததிலிருந்து மூன்று மணி நேரத்துக்குள்ளும், பிற்பகல் அஸர் தொழுகைக்குப் பின்னும் வையுங்கள். முடிந்தால் நவம்பர் முதல் பிப்ரவரிக்குள் ஷூட்டிங்கை முடித்துவிடுங்கள். மதிய நேரத்தில் நீள லென்ஸ் போட்டுத் தெருவை எடுத்தால் தார்ச்சாலையின் கானல் ஆவி முகங்களைத் தண்ணீருக்குள் இருப்பதுபோல் நெளிய வைக்கும். எடிட்டிங்கில் அதைச் சரிசெய்ய முடியாது. 35 அல்லது 50 மில்லிமீட்டர் போட்டு ஆளுக்குப் பக்கத்தில் போங்கள்.

அதே குழு ஜித்தாவில் எடுத்தால் ஈரப்பதம் பெரிய தொல்லை. ஏசி காரிலிருந்து கேமராவை எடுத்த மறு நொடி லென்ஸ் வியர்த்துவிடும். துடைக்காதீர்கள். பையை மூடியபடியே அரை மணி நேரம் வெளியில் வைத்துவிட்டுத் திறக்க வேண்டும். கால்ஷீட்டில், அதாவது அன்றைய வேலை அட்டவணையில், அந்த அரை மணியை எழுதிவைப்பது நல்லது.

சத்தம்தான் அனுபவமில்லாத குழுக்களைக் கவிழ்க்கும். லைவ் சவுண்டுக்கு ஏசியை நிறுத்தியே ஆக வேண்டும். நிறுத்தினால் 10 நிமிடத்தில் அறை கொதிக்கும், நடிகர் முகத்தில் வியர்வை அரும்பும், முந்தைய ஷாட்டோடு ஒட்டாது. அதனால் ஏசியை முழு வேகத்தில் ஓடவிட்டு, டேக்குக்கு மட்டும் நிறுத்தி, நான்கைந்து நிமிடத்துக்கு மேல் போகாத துண்டுகளாக எடுங்கள். ஃபிரிட்ஜையும் அணைக்க மறக்காதீர்கள். கார் சாவியை அதற்குள் வைத்துவிட்டால் மறுபடி போட மறந்து போக மாட்டீர்கள்!

கடைசியாக பாங்கு, அதாவது பள்ளிவாசலிலிருந்து வரும் தொழுகை அழைப்பு. எடுத்துக்கொண்டிருக்கும்போது பாங்கு வந்தால் அந்த டேக்கை நிறுத்துங்கள். நாலைந்து பள்ளிவாசல்கள் சில நொடி இடைவெளியில் ஒன்றன்மேல் ஒன்றாகத் தொடங்கும். வசனத்தின் நடுவில் அது விழுந்தால் எங்கும் வெட்ட முடியாது. சவூதியின் உம்முல் குரா நாள்காட்டியிலிருந்து ஐந்து தொழுகை நேரங்களையும் அன்றன்று கால்ஷீட்டில் அச்சிட்டுக்கொள்ளுங்கள். படத்தில் பாங்கு வேண்டுமென்றால் தனியாகப் பதிவு செய்யுங்கள். எந்த நேரத்துப் பாங்கு என்று குறித்துவையுங்கள். சுப்ஹு என்ற விடியற்காலைப் பாங்கில் மட்டும் ‘தூக்கத்தைவிடத் தொழுகை மேலானது’ என்ற வரி வரும். ஒலித் தொகுப்பிலிருந்து அழகாக இருக்கிறதே என்று எடுத்து மாலைக் காட்சியில் வைத்துவிட்டால், பார்க்கிற முஸ்லிம் ஒவ்வொருவரும் அந்த நொடியில் கதையைவிட்டு வெளியே வந்துவிடுவார்.

கதை எந்த வருடத்தில் நடக்கிறது என்பதையும் ஒலிப்பதிவாளரிடம் சொல்லுங்கள். 2021 மே மாதத்தில் பள்ளிவாசல் வெளி ஒலிபெருக்கிகளின் சத்தத்தை மூன்றில் ஒரு பங்குக்குக் குறைக்க வேண்டும், பாங்குக்கும், தொழுகை தொடங்கும்போது சொல்லும் இகாமத்துக்கும் மட்டும் பயன்படுத்த வேண்டும் என்று உத்தரவானது. அதே வருடம் ஜூலையில் தொழுகை நேரத்திலும் கடைகள் திறந்திருக்கலாம் என்றானது. 2015இல் நடக்கும் கதையென்றால் பாங்கு சொன்னதும் கடை ஷட்டர்கள் கீழே இறங்கும் சத்தம் வேண்டும், வாடிக்கையாளர் வெளியே காத்து நிற்க வேண்டும். 2024 கதையில் தெரு முழுக்க அது கேட்டால் பொருந்தாது. மாறிவரும் சமூகத்தைக் காட்டப் பெரிய காட்சி தேவையில்லை, இந்த ஷட்டர் சத்தம் போதும்.

இந்தப் படங்களுக்குப் பணம் எங்கிருந்து வருகிறது? வெளிநாட்டு விழாக்களுக்காகவே எடுக்கிறார்கள் என்ற குற்றச்சாட்டு உண்மையா?
– திரைப்படச் சங்கப் பொறுப்பாளர்

பெரும்பாலும் துண்டு துண்டாகச் சேர்கிறது. தோஹா ஃபிலிம் இன்ஸ்டிட்யூட், பெய்ரூட்டிலிருந்து இயங்கும் ‘ஆஃபாக்’ நிதியம், ஜித்தாவின் ரெட் சீ நிதி, பெர்லின் விழாவின் வேர்ல்ட் சினிமா ஃபண்ட், பிரான்ஸ் அரசின் உலக சினிமா உதவி என்று நாலைந்து இடத்தில் விண்ணப்பம் போட்டு, ஸ்கிரிப்டுக்கு ஒன்று, ஷூட்டிங்குக்கு ஒன்று, எடிட்டிங் முடிக்க இன்னொன்று என்று வாங்குவார்கள். பாதி முடிந்த அரபு, ஆப்பிரிக்கப் படங்களுக்கு உதவ வெனிஸ் விழாவில் ‘ஃபைனல் கட்’ என்ற பிரிவு 2013 முதல் இருக்கிறது. டைட்டிலில் ஏழெட்டு நாடுகளின் சின்னங்கள் வரிசையாக வருவது இதனால்தான்.

சிக்கல் எங்கே என்றால், சில ஐரோப்பிய நிதிகளில் ஒரு பகுதியையாவது பணம் தந்த நாட்டிலேயே செலவழிக்க வேண்டியிருக்கும். அம்மானில் எடுத்த படத்தின் ஒலிக்கலவை பாரிஸில் நடக்கும். அங்கே உட்கார்ந்திருப்பவருக்கு அம்மான் தெருவில் கேஸ் சிலிண்டர் வண்டி பாட்டுப் போட்டுக்கொண்டு வருவது தெரியாது. இயக்குநர் பக்கத்திலேயே இருந்து சொன்னால்தான் அது படத்தில் சேரும். சவூதி தரும் ஊக்கத்தொகை வேறு மாதிரி. 2022இல் அறிவித்த விகிதப்படி, தகுதியான செலவில் 40 சதவீதம் வரை திரும்பக் கிடைக்கும். அந்தக் கணக்கில் 10 லட்சம் ரியால் செலவு ஏற்கப்பட்டால் அதிகபட்சம் 4 லட்சம். ஆனால் செலவழித்து, கணக்குக் காட்டிய பிறகுதான். முதலில் கையில் 10 லட்சம் இருப்பவருக்கே அது பயன்படும். சின்ன இயக்குநர் இந்த இடத்தில்தான் மாட்டிக்கொள்கிறார்.

விழாவுக்காக எடுப்பது என்ற குற்றச்சாட்டில் ஓரளவு நியாயம் உண்டு. விண்ணப்பத்தின் முதல் பத்தியிலேயே முக்காடும் அடக்குமுறையும் இருந்தால் வேகமாக நகரும் என்ற நம்பிக்கை பலரைக் கெடுத்திருக்கிறது. கண்டுபிடிக்க ஒரு வழி இருக்கிறது. பாத்திரங்கள் தங்களுக்கு நன்றாகத் தெரிந்த வழக்கத்தை ஒருவருக்கொருவர் விளக்கிச் சொல்லிக்கொண்டிருந்தால், அது வெளியாருக்காக எழுதப்பட்ட காட்சி. தன் வீட்டில் யாரும் அப்படிப் பேச மாட்டார்கள். ‘மந்தூப்’ அப்படி எதையும் விளக்குவதில்லை, சவூதித் தியேட்டர்களில் கூட்டம் கூட்டமாகப் பார்த்தார்கள்.

போரும் பட்டினியுமான ஏமனிலும் சூடானிலும் படம் எடுக்கிறார்களா?
– ஒரு வாசகி

எடுக்கிறார்கள். ஏமனின் ஏடன் நகரில் அம்ர் கமால் 2018இல் ‘திருமணத்துக்குப் பத்து நாள் முன்’ என்ற படத்தை முடித்தபோது திரையிட ஊரில் ஓடுகிற தியேட்டர் இல்லை. கல்யாண மண்டபத்தில் திரை கட்டிக் காட்டினார். போரால் ஒருமுறை தள்ளிப்போன கல்யாணத்தை மறுபடி நடத்தப் பாடுபடும் ஜோடியின் கதையை, கல்யாண மண்டப நாற்காலிகளில் உட்கார்ந்து ஊரே பார்த்தது. அவருடைய அடுத்த படம் ‘அல்-முர்ஹகூன்’ 2023இல் பெர்லினுக்குப் போனது. மூன்று குழந்தைகள் உள்ள தம்பதிக்கு நான்காவது கரு தங்குகிறது. சம்பளம் வந்து மாதக்கணக்காகிறது. கலைக்கலாமா என்று முடிவெடுத்து, டாக்டரைத் தேடி அலைகிறார்கள். கேமரா பெரும்பாலும் தூரத்திலேயே அசையாமல் நிற்கிறது. ஆட்கள் ஃபிரேமின் ஓரத்தில், மிச்சமெல்லாம் ஏடன். உடைந்த மாடி, ஓடும் வேன், தண்ணீர் கேன், கறிகாய்க்காரன். முதலில் எரிச்சலாக இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். இடிந்துகொண்டிருக்கும் தன் ஊரை எப்படியாவது பதிவு செய்துவிட வேண்டும் என்ற தவிப்பு அந்தத் தூரத்தில் இருக்கிறது.

சூடானின் முஹம்மத் கொர்தொஃபானி முன்பு விமானப் பொறியாளர். அவருடைய ‘வதாஅன் ஜூலியா’ கான் விழாவின் அதிகாரபூர்வத் தேர்வில் இடம்பிடித்த முதல் சூடான் படம். தெற்கு சூடான் பிரிவதற்கு முந்தைய தலைநகர் கார்ட்டூமில், வடக்கு முஸ்லிம் பெண் ஒருத்தி தன்னால் விதவையான தெற்குப் பெண்ணை வீட்டுவேலைக்கு வைத்துக்கொள்கிறாள். குற்றவுணர்ச்சியைச் சம்பளமாகத் தருகிறாள். உண்மையை மட்டும் சொல்வதில்லை. அந்த வீட்டில் வேலைக்காரிக்குத் தனித் தட்டு, தனிக் குவளை இருப்பதைத் தமிழ் வாசகருக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

படம் 2023 மே மாதம் கானில் திரையிடப்பட்டது. அதற்கு ஐந்து வாரம் முன்பு, ஏப்ரல் 15 அன்று கார்ட்டூமில் போர் தொடங்கியிருந்தது. படத்தில் தெரியும் தெருக்களில் இருந்தவர்களில் பலர் அப்போது மூட்டை முடிச்சோடு ஊரைவிட்டுப் போய்க்கொண்டிருந்தார்கள்.